புகாரும் மனுவும்: சேஷாசலத்திலிருந்து வேங்கிக்கால் வரை

சேஷாசலம் காட்டில் 2015 ஏப்ரல் 7 அன்று ஆந்திரக் காவல்துறையின் செம்மரக் கடத்தல் தடுப்பு அதிரடிப்படை இருபது தமிழர்களைச் சுட்டுக் கொன்றது. அவர்களில் பெரும்பாலானோர் திருவண்ணாமலை மாவட்டத்தையும் தர்மபுரி மாவட்டத்தையும் சேர்ந்த கூலித் தொழிலாளிகள். செய்தி நம் எல்லோருக்கும் நினைவிருக்கும். கண்டனங்கள், மறியல்கள், எல்லையில் நிறுத்தப்பட்ட பேருந்துகள் என்று சில வாரங்கள் அது தமிழ்நாட்டை உலுக்கியது. ஆனால் அந்த வாரங்களில் நடந்த ஒரு சிறிய காரியம் அவ்வளவாகப் பேசப்படவில்லை. நமக்கு அதுவே முக்கியமாகப் படுகிறது. கொல்லப்பட்டவர்களில் ஒருவருடைய மனைவி, திருவண்ணாமலை மாவட்டத்துப் பெண், மாநில எல்லையைத் தாண்டிச் சந்திரகிரி காவல் நிலையத்துக்குச் சென்று, தம் கணவர் கொலை செய்யப்பட்டார் என்று புகார் கொடுத்தார்.

ஒரு புகார் கொடுத்ததில் என்ன பெருமை என்று கேட்கலாம். அதற்கு முந்தைய நிலையைப் பார்த்தால் தெரியும். இருபது பேர் இறந்து கிடந்த காட்டைப் பற்றிக் காவல் நிலையத்தில் வழக்கு ஏற்கெனவே பதிவாகியிருந்தது. ஆனால் அது இறந்தவர்கள் மீதான வழக்கு. மரம் வெட்ட வந்தார்கள், கல்லாலும் அரிவாளாலும் தாக்கினார்கள், தற்காப்புக்காகச் சுட்டோம் என்பது அதன் சாரம். சுட்டவர்கள் மீது வழக்கு ஏதும் இல்லை. இத்தனைக்கும், காவல்துறை மோதலில் மரணம் நேர்ந்தால் உடனே முதல் தகவல் அறிக்கை பதிவு செய்ய வேண்டும், சம்பந்தப்பட்ட நிலையத்தைச் சாராத குழுவே புலனாய்வு செய்ய வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் மக்கள் சிவில் உரிமைக் கழகம் தொடுத்த வழக்கில் 2014 செப்டம்பர் 23 அன்றுதான் சொல்லியிருந்தது. சேஷாசலம் நிகழ்ந்தபோது அந்தத் தீர்ப்புக்கு ஏழு மாதம்கூட நிறையவில்லை.

பேருந்தில் சென்றுகொண்டிருந்தவர்களை இறக்கி அழைத்துப் போனார்கள் என்று, தப்பி வந்தவர்கள் தேசிய மனித உரிமை ஆணையத்தின் முன் சாட்சி சொன்னார்கள். அப்போது ஆந்திரத்துக்கும் தெலங்கானாவுக்கும் பொதுவாக இருந்த ஐதராபாத் உயர் நீதிமன்றத்தில் ஆந்திர மனித உரிமை அமைப்பினர் பொதுநல வழக்குத் தொடுத்தனர். ஏன் கொலை வழக்கு இல்லை என்று நீதிமன்றம் கேட்டது. புகார் கொடுக்க ஒருவர் வேண்டும் என்ற நிலையில்தான் அந்தப் பெண் சந்திரகிரிக்குப் போனார். ஏப்ரல் நடுவில் கொலை வழக்குப் பதிவாயிற்று. மறு உடற்கூறாய்வு கோரி அவர் முதலில் சென்றது சென்னை உயர் நீதிமன்றத்துக்கு. ஐதராபாத்துக்குப் போங்கள் என்று அது வழிகாட்டியது. ஐதராபாத் நீதிமன்றம் உத்தரவிட்டது. அங்கிருந்து வந்த மருத்துவர்கள் திருவண்ணாமலை அரசு மருத்துவமனையில் ஆறு உடல்களை மறுபடியும் ஆய்வு செய்தார்கள். கணவரை இழந்து பத்து நாட்களுக்குள் ஒரு கிராமத்துப் பெண் இரண்டு உயர் நீதிமன்றங்களையும் அயல் மாநிலக் காவல் நிலையம் ஒன்றையும் தொட்டுவிட்டு வந்திருக்கிறார். மனித உரிமை அமைப்பினரும் வழக்கறிஞர்களும் உடன் நின்றதால் அது முடிந்தது. நாடு முழுவதும் தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்ததால் அது முடிந்தது. இரண்டும் இல்லாதவர்களுக்கு என்ன வழி என்பதைப் பேசவே இதை எழுதுகிறோம்.

நிற்க. நம் இலக்கியம் காவல் நிலையத்தை எழுதாமல் இல்லை. ச. பாலமுருகனின் 'சோளகர் தொட்டி'யும் மு. சந்திரகுமாரின் 'லாக்கப்'பும் நம் வாசகர்கள் அறிந்தவை. ஆனால் இவையெல்லாம் அடிக்கிற காவல்துறையைப் பற்றியவை. ஒன்றுமே செய்யாத காவல்துறையைப் பற்றி, மேசைமேல் வைத்த தாளை எடுத்துக்கூடப் பார்க்காமல் "நாளைக்கு வாங்க" என்று சொல்லும் காவல்துறையைப் பற்றி நாம் குறைவாகவே எழுதியிருக்கிறோம். அடி கதையாகிறது, அலைச்சல் கதையாவதில்லை. எண்ணிக்கையில் பார்த்தால் நம் மக்களில் அடிபட்டவர்களைவிட அலைந்தவர்களே அதிகம் இருப்பார்கள் என்று தோன்றுகிறது.

திருவண்ணாமலை நகரையொட்டி வேங்கிக்காலில் இருக்கிறது மாவட்ட ஆட்சியர் அலுவலகம். தமிழ்நாட்டின் மற்ற மாவட்டங்களைப் போலவே இங்கும் திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாள். பட்டா, முதியோர் உதவித்தொகை, குடிநீர் என்று வருகிறவர்களோடு, காவல் நிலையத்தில் புகார் கொடுத்தும் நடவடிக்கை இல்லை என்று வருகிறவர்களும் வரிசையில் நிற்கிறார்கள். ஆட்சியர் மனுவை வாங்கி, உரிய அதிகாரிக்கு அனுப்புகிறார். உரிய அதிகாரி காவல் கண்காணிப்பாளர். அவர் அதை அனுப்புவது துணைக் கண்காணிப்பாளருக்கு, அவர் ஆய்வாளருக்கு. கடைசியில் அந்தத் தாள், அதை முதலில் வாங்க மறுத்த அதே நிலையத்தின் அதே மேசைக்கு வந்து சேர்கிறது. இந்தச் சுற்றில் எந்த இடத்திலும் ஒரு நீதிபதி இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். குற்ற வழக்கைப் பதிவு செய்ய உத்தரவிடும் அதிகாரத்தைச் சட்டம் நீதித்துறை நடுவருக்குத் தந்திருக்கிறது. மக்கள் மனுவோடு நிற்பது ஆட்சியரின் வாசலில்.

இந்தப் பழக்கம் எங்கு கொண்டுபோய் விடும் என்பதை 2017 அக்டோபர் 23 திருநெல்வேலியில் பார்த்தோம். கந்துவட்டிக் கொடுமை பற்றிப் பலமுறை மனுக் கொடுத்து அலைந்த ஒரு கூலித் தொழிலாளி, மனைவியோடும் இரண்டு சிறு பெண் குழந்தைகளோடும் ஆட்சியர் அலுவலக வளாகத்திலேயே தீக்குளித்தார். நால்வரும் இறந்தனர். கந்துவட்டியைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 2003 முதலே தனிச்சட்டம் இருக்கிறது. அந்தச் சாவுகளுக்குப் பிறகு ஆட்சியர் அலுவலக வாயில்களில் காவலர்கள் நின்று, உள்ளே வருகிறவர்களின் பைகளில் மண்ணெண்ணெய் இருக்கிறதா என்று சோதிக்கத் தொடங்கினார்கள். புகாரைப் பதிவு செய்வதைவிடப் பையைச் சோதிப்பது அரசுக்கு எளிதாக இருக்கிறது.

சட்டம் என்ன சொல்கிறது என்பதைக் கொஞ்சம் விரிவாகவே பார்த்துவிடலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 154-ஆம் பிரிவு, பிடியாணை வேண்டாக் குற்றம் பற்றிய தகவல் வந்தால் அதை எழுத்தில் பதிய வேண்டும் என்றது. இது கட்டாயமா, அதிகாரியின் விருப்பமா என்ற கேள்வி நெடுங்காலம் நீதிமன்றங்களில் இழுபட்டது. உத்தரப்பிரதேசத்தில் காணாமற்போன ஒரு சிறுமியின் தந்தை 2008 மே மாதம் புகார் கொடுத்தார், வழக்குப் பதிவாகவில்லை. கண்காணிப்பாளரிடம் போன பிறகு பதிவானது. ஆனாலும் தேடல் இல்லை. அவர் உச்ச நீதிமன்றம் சென்றதில் பிறந்ததுதான் லலிதா குமாரி தீர்ப்பு. ஐந்து நீதிபதிகள் அமர்வு 2013 நவம்பர் 12 அன்று கூறியது: தகவலில் பிடியாணை வேண்டாக் குற்றம் தெரிந்தால் பதிவு செய்தே ஆகவேண்டும், தகவல் உண்மையா பொய்யா என்று பார்ப்பது பதிவுக்குப் பிந்தைய வேலை. குடும்பத் தகராறு, வணிகக் கொடுக்கல் வாங்கல், மருத்துவக் கவனக்குறைவு, ஊழல், நெடுநாள் தாமதமாக வந்த புகார் போன்ற சிலவற்றில் மட்டும் குறுகிய காலப் பூர்வாங்க விசாரணை நடத்தலாம்.

தமிழ்நாட்டில் இதற்கு ஒரு குறுக்கு வழி ஏற்கெனவே இருந்தது. நிலையத்துக்குப் போனவர் எவருக்கும் தெரிந்த சி.எஸ்.ஆர். ரசீதுதான் அது. சமுதாயப் பணிப் பதிவேட்டில் உங்கள் மனு இன்ன எண்ணில் ஏற்கப்பட்டது என்று ஒரு தாள் தருவார்கள். பார்வைக்கு ஏதோ நடந்துவிட்டது போலவே இருக்கும். முதல் தகவல் அறிக்கை உடனே நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். இந்த ரசீது எங்கும் போவதில்லை. அடகுச் சீட்டுப் போல மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு மக்கள் மாதக்கணக்கில் காத்திருக்கிறார்கள். இந்த இடைவெளியில்தான் நிலைய வளாகத்து வேப்பமரத்தடியில் இரு தரப்பையும் நிற்கவைத்துப் பேசி முடிக்கும் பஞ்சாயத்து நடக்கிறது. நிலத்தகராறிலும் பணத்தகராறிலும் அதனால் பயனே இல்லை என்று நாம் சொல்லவில்லை. ஆனால் அந்தப் பேச்சில் எப்போதும் குரல் தாழ்ந்தவரே விட்டுக்கொடுக்கிறார்.

பதிவு செய்ய மறுத்தால் என்ன செய்வது? மாவட்டக் கண்காணிப்பாளருக்குப் பதிவுத் தபாலில் அனுப்ப வேண்டும். அதற்கும் பலனில்லையேல் நீதித்துறை நடுவரிடம் விண்ணப்பிக்க வேண்டும். பழைய சட்டத்தின் 156(3) பிரிவு இதற்கானது. இந்தப் பிரிவுக்கு உயிர் கொடுத்தது சகிரி வாசு வழக்கு. 2003 ஆகஸ்டில் மதுரா ரயில் நிலையத்தில் ஒரு ராணுவ மேஜரின் உடல் கிடந்தது. விபத்து அல்லது தற்கொலை என்றது ரயில்வே காவல்துறை. தற்கொலை என்றது ராணுவ விசாரணை. கொலை என்று நம்பிய தந்தை மத்தியப் புலனாய்வுத் துறை விசாரணை கோரினார். உச்ச நீதிமன்றம் 2007 டிசம்பரில் அவருடைய முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. ஆனால் தள்ளுபடி செய்த அதே தீர்ப்பில், வழக்குப் பதிவு செய்ய உத்தரவிடவும், விசாரணை ஒழுங்காக நடக்கிறதா என்று கண்காணிக்கவும் நடுவருக்குப் பரந்த அதிகாரம் உண்டு, எனவே இத்தகைய மனுக்களை உயர் நீதிமன்றங்கள் ஊக்குவிக்கக் கூடாது என்றும் எழுதியது. ஒரு தந்தை தோற்ற வழக்கு, அவர் அறியாத ஆயிரக்கணக்கானவர்களுக்குக் கதவாயிற்று. சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி பி.என். பிரகாஷ் 2016-இல் சுகேசன் டிரான்ஸ்போர்ட் வழக்கில் இதையே தமிழ்நாட்டுக்கு வரிசைப்படுத்திச் சொன்னார்: முதலில் நிலையம், பிறகு மேலதிகாரி, பிறகு நடுவர், நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓடி வராதீர்கள்.

இது கொள்கையளவில் சரி என்றே கருதுகிறோம். ஜவ்வாது மலைக்காரருக்குச் சென்னையைவிடத் திருவண்ணாமலையோ போளூரோ பக்கம். வழக்கறிஞர் செலவும் குறைவு. வழக்குப் பதிவு செய் என்று உத்தரவிடக் கோரும் மனுக்கள் உயர் நீதிமன்றத்தில் மலைபோல் குவிந்தால், உண்மையில் அங்கு மட்டுமே தீரக்கூடிய வழக்குகள் அடியில் புதைந்துபோகும் என்பதும் மெய்தான். சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. நடுவர் உத்தரவிட்டால் புலனாய்வு செய்யப்போவது அதே நிலையம். முன்பு மறுத்த ஆய்வாளர், இப்போது நீதிமன்ற உத்தரவால் சினந்திருக்கும் ஆய்வாளர், சாட்சிகளை விசாரித்துப் "புகார் பொய்யானது" என்று முடித்து அறிக்கை தரலாம். வேறு புலனாய்வு அமைப்புக்கு மாற்றும் அதிகாரம் நடுவருக்கு இல்லை. அது உயர் நீதிமன்றத்துக்கும் உச்ச நீதிமன்றத்துக்கும் உரியது. கண்காணிக்கும் அதிகாரம் அவருக்கு உண்டு என்கிறது சகிரி வாசு. நாள்தோறும் நீண்ட வழக்குப் பட்டியலைப் பார்க்கும் ஒரு நடுவர் எத்தனை வழக்கைக் கண்காணிப்பார்?

இன்னொரு வழி தனிநபர் புகார். நடுவரிடம் நேரே புகார் கொடுத்து, சாட்சிகளை நாமே அழைத்துச் சென்று மெய்ப்பிப்பது. பக்கத்து வயல்காரர் வரப்பை வெட்டினார் என்பதற்கு இது ஆகும். கொலைக்கோ கடத்தலுக்கோ ஆகுமா? தொலைபேசிப் பதிவையும் துப்பாக்கிக் குண்டின் ஆய்வறிக்கையையும் ஒரு கூலித் தொழிலாளி எங்கிருந்து கொண்டுவருவார்?

2024 ஜூலை 1 முதல் பழைய சட்டம் போய்ப் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. பெயரை உச்சரிப்பதே நம் ஊர்க்காரர்களுக்கு ஒரு தண்டனை; அது கிடக்கட்டும். எல்லை எதுவாயினும் எந்த நிலையத்திலும் தகவல் தரலாம் என்பதை 173-ஆம் பிரிவு சட்டமாகவே ஆக்கியிருக்கிறது. மின்னணு வழியிலும் தரலாம், மூன்று நாளில் கையெழுத்திட வேண்டும். நல்ல மாற்றங்கள். சேஷாசலத்துப் பெண் இன்று தம் ஊருக்குப் பக்கத்து நிலையத்திலேயே புகார் தரலாம். ஆனால் அந்த அறிக்கை போய்ச் சேரவேண்டிய இடம் சந்திரகிரிதான் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

மறுபக்கம் சில கதவுகள் ஒருக்களிக்கப்பட்டிருக்கின்றன. மூன்று ஆண்டு முதல் ஏழு ஆண்டுக்குக் குறைவான தண்டனைக்குரிய குற்றங்களில், துணைக் கண்காணிப்பாளரின் அனுமதியோடு பதினான்கு நாள் பூர்வாங்க விசாரணை நடத்தலாம் என்கிறது 173(3). லலிதா குமாரி தீர்ப்பு விதிவிலக்காகச் சொன்னது இங்கே ஒரு பெரும் குற்றத்தொகுதிக்கே வழக்கமாகிவிடக்கூடும். நடுவரிடம் போவதற்கு 175(3) சொல்லும் நிபந்தனைகளும் கூடியிருக்கின்றன: முதலில் கண்காணிப்பாளருக்கு அனுப்பியிருக்க வேண்டும், பிரமாணப் பத்திரம் இணைக்க வேண்டும், நடுவர் தேவைப்பட்டால் விசாரணை செய்து, காவல் அதிகாரி சொல்வதையும் கருத்தில் கொண்டு உத்தரவிடுவார். பிரமாணப் பத்திரத்துக்கு ஒரு பின்கதை உண்டு. வீட்டுக்கடன் வாங்கிய ஒருவர், கடன் தந்த நிறுவனத்தின் அதிகாரிகள் மீது அடுத்தடுத்து 156(3) மனுக்களைத் தொடுத்ததைக் கண்ட உச்ச நீதிமன்றம், பிரியங்கா ஸ்ரீவத்சவா வழக்கில் 2015 மார்ச்சில் அதைக் கட்டாயமாக்கியது. பொய்ப்புகார் எழுதுகிறவருக்கு அது தடையாக இருக்கலாம். அவர் பெரும்பாலும் வழக்கறிஞரை வைத்துக்கொள்ளக்கூடியவர் என்பதால் தடையைத் தாண்டியும் விடுவார். எழுத்தறியாதவர்தான் அங்கே நின்றுவிடுகிறார். காவல் அதிகாரி சொல்வதைக் கேட்பது பற்றி நமக்கு இன்னும் கடுமையான கருத்து உண்டு: ஏன் பதியவில்லை என்று விளக்கம் கேட்கும் வாய்ப்பாக நடுவர் அதைப் பயன்படுத்தினால் நன்று, புகார்தாரரின் தகுதியை நிலையம் நிர்ணயிக்கும் இடமாக அது மாறினால் பிரிவு முழுவதும் வீண்.

தவறிய அதிகாரிக்குத் தண்டனை உண்டா? பாலியல் குற்றங்கள், அமில வீச்சு, ஆள்கடத்தல் போன்ற குறிப்பிட்ட குற்றங்களில் தகவலைப் பதிய மறுத்தால் ஆறு மாதம் முதல் இரண்டு ஆண்டு வரை கடுங்காவல் என்கிறது புதிய தண்டனைச் சட்டத்தின் 199-ஆம் பிரிவு. 2013 முதல் பழைய சட்டத்திலும் இருந்தது. கொலைப் புகாரை வாங்க மறுத்தவருக்கு இது பொருந்தாது என்பது விசித்திரம். தமிழ்நாட்டின் 2013-ஆம் ஆண்டுக் காவல்துறைச் சீர்திருத்தச் சட்டம் வகுத்த புகார் ஆணையத்தைப் பற்றி ஒரு வரி போதும்: மாவட்ட அளவில் அதன் தலைவர் ஆட்சியர், உறுப்பினர்களில் ஒருவர் காவல் கண்காணிப்பாளர்.

நம் மாவட்டத்து மலையாளிப் பழங்குடியினருக்கும் இருளருக்கும் ஊர்ச்சேரி மக்களுக்கும் ஓரளவு கூர்மையான ஆயுதம் 1989-ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம். வாய்மொழித் தகவலை எழுதி வாசித்துக் காட்டி நகல் தருவதும் வழக்குப் பதிவதும் அதிகாரியின் கடமை என்று அதன் 4-ஆம் பிரிவு பட்டியலிடுகிறது. வேண்டுமென்றே தவறினால் ஆறு மாதம் முதல் ஓராண்டு சிறை. 2018-இல் சேர்ந்த 18அ பிரிவு, வழக்குப் பதியப் பூர்வாங்க விசாரணை தேவையில்லை என்கிறது.

இந்தச் சட்டம் இருந்தும் என்ன ஆயிற்று என்பதற்கு, திருவண்ணாமலைக்கு மேற்கே அரூரைத் தாண்டி இருக்கும் வாச்சாத்தி சாட்சி. 1992 ஜூன் 20 அன்று வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஊழியர்கள் 269 பேர் அந்த மலைவாழ் கிராமத்தைச் சூறையாடினார்கள். பதினெட்டுப் பெண்களை வன்புணர்ந்தார்கள். உள்ளூர்க் காவல் நிலையம் புகாரை ஏற்கவில்லை. மலைவாழ் மக்கள் சங்கமும் மார்க்சிஸ்ட் கட்சியும் அதைக் கையிலெடுத்தன; அப்போதைய அக்கட்சியின் மாநிலச் செயலாளர் அ. நல்லசிவன் நீதிமன்றம் சென்றார். உயர் நீதிமன்றம் 1995-இல் மத்தியப் புலனாய்வுத் துறைக்கு மாற்றியது. தர்மபுரி அமர்வு நீதிமன்றம் 2011 செப்டம்பர் 29 அன்று, உயிரோடிருந்த 215 பேரையும் குற்றவாளிகள் என்றது. ஐம்பத்து நான்கு பேர் அதற்குள் இறந்துபோயிருந்தார்கள். சரியாகப் பன்னிரண்டு ஆண்டு கழித்து, 2023 செப்டம்பர் 29 அன்று, நீதிபதி பி. வேல்முருகன் அதை உறுதிசெய்தார். ஒரு நிலைய எழுத்தர் ஒருநாள் செய்திருக்க வேண்டிய வேலை நடக்காததால், அது ஒரு கட்சி, ஒரு சங்கம், ஒரு உயர் நீதிமன்றம், ஒரு மத்திய அமைப்பு எல்லாம் சேர்ந்து முப்பத்தொரு ஆண்டு செய்யும் வேலையாகிவிட்டது. பொய்யும் மெய்யும் பிறகு பார்த்துக்கொள்ளலாம், முதலில் எழுது என்று லலிதா குமாரி சொன்னதன் அருமை வாச்சாத்தியை நினைத்தால்தான் விளங்கும்.

சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் மனுநீதிச் சோழனின் சிலை நிற்கிறது. ஆட்சியர்கள் கிராமங்களில் நடத்தும் முகாமுக்கும் மனுநீதி நாள் என்றே பெயர். கன்றை இழந்த பசு மணியை அடித்தபோது, முதலில் தேர்ப்பாகனிடம் முறையிட்டாயா, ஒப்புகைச் சீட்டு எங்கே, பிரமாணப் பத்திரம் எங்கே என்று யாரும் கேட்டதாகச் சேக்கிழார் எழுதவில்லை. இது விளையாட்டுக்குச் சொன்னது. நடைமுறை இல்லாத நீதி அரசனுடைய அன்றைய மனநிலையைப் பொறுத்தது என்பது நமக்கும் தெரியும். ஆனால் மனு என்ற சொல்லே நம்மைக் கெடுத்துவிட்டதோ என்ற ஐயம் உண்டு. மனுக் கொடுப்பவர் கருணையை எதிர்பார்த்து நிற்கிறார். புகார் கொடுப்பவர் ஒரு சட்டக் கடமையைத் தூண்டிவிடுகிறார். நிலையத்தில் நாம் எழுதிக் கொடுப்பதைக்கூட "மனு" என்றுதான் இருபக்கத்தாரும் சொல்கிறோம், கடைசி வரியில் "தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்" என்று எழுதுகிறோம்.

செய்யக்கூடிய ஒரு காரியத்தை இங்கே முன்வைக்கிறோம். 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டப்படி, பெண்களும் குழந்தைகளும் பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் வருமானம் எதுவாயினும் இலவச வழக்கறிஞரைப் பெற உரியவர்கள். மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் தலைவர் மாவட்ட நீதிபதி. வேங்கிக்காலில் திங்கட்கிழமைதோறும் மனு எழுதித் தருகிறவர்கள் உட்காரும் இடத்துக்கு அருகில் அந்த ஆணைக்குழு ஒரு மேசை போடட்டும். காவல்துறை நடவடிக்கை எடுக்கவில்லை என்று வருகிறவரை வரிசையிலிருந்து அழைத்து, அவரிடம் இருக்கும் சி.எஸ்.ஆர். ரசீதைப் பார்த்து, கண்காணிப்பாளருக்கு 173(4)-இன் கீழ்க் கடிதம் எழுதி, பதிவுத் தபாலில் அனுப்பி, ஒப்புகை அட்டை திரும்பி வந்ததும் பிரமாணப் பத்திரத்தோடு நடுவர் மன்றத்தில் விண்ணப்பம் போடட்டும். இதற்குப் புதிய சட்டம் வேண்டாம், அரசாணையும் வேண்டாம்; ஒரு வழக்கறிஞர், ஒரு தட்டச்சர், தபால் தலைகள் போதும். ஜமுனாமரத்தூரிலிருந்து விடியுமுன் பேருந்தேறி வருகிறவர் அன்று மாலை வீடு திரும்பும்போது, அவர் கையில் தபால் அலுவலகத்தின் ரசீதாவது இருக்கும்.